யாருக்கு முதல் சார்ஜ்

“சில வண்டிக்கு சார்ஜ் நூறு வந்து நிக்குது. என் வண்டி அறுபதைத் தாண்ட மாட்டேங்குது. அந்த மிஷினுக்கு என்மேல என்னா கோவம் மேடம்?”

டிரைவர் பூங்காவனம் சொன்னதை, அதே இழுவையோடு, அவள் முகத்துக்கு நேரே திருப்பிச் சொன்னாள் ஹேமலதா. சுற்றி நின்ற டிரைவர்களில் சிலர் சிரித்தார்கள்.

“மிஷினுக்கு ஏது கோவம்? உனக்கு ஓட்டத் தெரியலை. ஏசியைப் போட்டுகினு பறந்தா பேட்டரி என்ன பண்ணும்?”

பழைய பவர்லூம் ஷெட்டைக் காலி செய்து, ஷூ கம்பெனிக்குப் பெண்களை ஏற்றி வரும் எட்டு எலெக்ட்ரிக் வேன்களுக்கு டிப்போவாக மாற்றியதிலிருந்து நிர்வாகம் ஹேமலதா கையில். கணவர் சம்பந்தம் பட்டு வியாபாரத்தோடு சரி. எட்டையும் ஒன்றாகச் சார்ஜ் போட்டால் லைன் தாங்காது. எந்த வண்டிக்கு எப்போது, எவ்வளவு என்பதை ஒரு சாஃப்ட்வேர் பார்த்துக்கொள்ளும்.

இன்று காலை கலசப்பாக்கத்திலிருந்து பதினாலு பெண்களோடு வந்த பூங்காவனத்தின் வேன், சார்ஜ் தீர்ந்து போளூருக்கு முன்னால் நின்றுவிட்டது. இந்த மாதத்தில் மூன்றாவது முறை. டிரைவரை மாற்றுகிறீர்களா, கான்ட்ராக்டை மாற்றட்டுமா என்று கம்பெனி மேனேஜர் ஃபோனில் கேட்ட கேள்வி ஹேமலதாவுக்கு இன்னும் காதில் எரிந்தது.

ஏசியைத் தொடுவதே இல்லை என்றாள் பூங்காவனம். போன மாதமே இதைச் சொன்னதாகவும் சொன்னாள். துரை, சுப்பன் வண்டிகளுக்கும் சார்ஜ் குறைச்சல்தான், அவர்கள் ஓட்டுவது பக்கத்து ஊருக்கு என்பதால் தப்பித்துவிடுகிறார்கள் என்றாள்.

“ஓ, மூணு பேரும் பேசி வச்சுகினு வந்தீங்களா?”

பூங்காவனம் சாவியை மேஜைமேல் வைத்தாள்.

“சாவி இந்தாங்க மேடம். ஓட்டத் தெரியலைன்னு மட்டும் எழுதிடாதீங்க. அப்புறம் எங்கயும் வேலை குடுக்க மாட்டாங்க.”

“நான் ஏன் எழுதணும்? மிஷினே சொல்லட்டும். மனுஷங்கதான் ஆள் பாத்து செய்வாங்க.”

சாஃப்ட்வேர் கம்பெனி பிரபாகரனுக்குச் சென்னைக்கு ஃபோன் போட்டாள். எல்லோரும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் வைத்தாள்.

அவன் கணக்கைப் பார்த்துவிட்டு வந்தான். “டிரைவர் மேல தப்பே இல்ல மேடம். இருக்கறதுலயே சிக்கனமா ஓட்டறது அவங்கதான். வண்டிக்கு சார்ஜே போகலை.”

“ஏன் போகலை?”

“எல்லா வண்டிக்கும் கிளம்பற நேரம் நாலரைன்னு குடுத்திருக்கீங்க. நேரம் ஒண்ணா இருந்தா, லிஸ்ட்ல மேல இருக்கற பேர்லேர்ந்து ஏத்தும். கடைசி மூணு பேருக்கு மிச்சம் மீதிதான்.”

லிஸ்ட்டை உங்கள் ஆட்கள் யாராவது கலைத்திருப்பார்கள் என்று பாய்ந்தாள் ஹேமலதா. இல்லை, முதல் நாள் போட்டது அப்படியே இருக்கிறது, போட்டது உங்கள் லாகின்தான் என்றான் அவன்.

கம்ப்யூட்டரில் திறந்து பார்த்தாள்.

அருணகிரி, சரவணன், ஹேமநாத், இன்னும் இரண்டு பேர். ஐவரும் அவள் தெரு, அவள் சொந்தம். வீட்டுக் கல்யாணத்தில் பந்தி பரிமாறுகிறவர்கள். அதற்குக் கீழே துரை, சுப்பன், பூங்காவனம். மூவரும் காலனி.

திட்டம் போட்டுச் செய்ததில்லை. மிஷின் வந்த அன்று, காபி குடித்துக்கொண்டே, மனசில் வந்த வரிசைக்குத் தட்டினாள். யோசிக்காமலே வந்த வரிசை அது. அதுதான் அவளைக் கூசவைத்தது.

சிரித்தவர்கள் பின்னாலிருந்து எட்டி, திரையில் தங்கள் பேரைத் தேடினார்கள். துரை வாசல் பக்கம் பார்த்துக்கொண்டான். ஸ்பீக்கரை அணைக்கப் போன ஹேமலதாவின் கை, பூங்காவனம் பார்ப்பதைக் கண்டு பாதியில் நின்றது.

பிரபாகரன் ஒன்றும் தெரியாமல் பேசிக்கொண்டே போனான்.

“அகரவரிசையா பாத்தேன், இல்ல. வண்டி நம்பரும் இல்ல. தூரமும் இல்ல. எந்தக் கணக்குல இந்த வரிசை போட்டீங்கன்னு சொல்லுங்க மேடம், அதையே சிஸ்டத்துல ரூலா எழுதி வச்சுடறேன்... மேடம்? கொஞ்சம் சொல்லுங்களேன்.”