வாபஸ்

"கேஸை வாபஸ் வாங்கச் சொல்லி வந்திருந்தீங்கன்னா உக்காரவே வேண்டாம்மா. காலையிலேயே உங்க வீட்டுக்காரர் வந்துட்டுப் போயிட்டார்."

போலீஸ் ஸ்டேஷனில் ஏற்கெனவே பார்த்த முகம்தான் என்பதால், கடைக்காரர் மறுபடி தலையை நிமிர்த்தவில்லை. ஒரு மூக்குக்கண்ணாடியின் கம்பியில் கடுகளவு திருகாணியைப் பொருத்திக்கொண்டிருந்தார். தெருப் பக்கம் பெரிய கண்ணாடி இருந்த இடத்தில் இப்போது அட்டையை ஒட்டி அடைத்திருந்தார்கள். அதனால் பகலிலும் கடைக்குள் விளக்கு எரிந்தது.

அந்த அம்மாள் நின்றபடியே இருந்தாள். தையல் யூனிட்டிலிருந்து நேரே வந்திருக்க வேண்டும். தோளிலும் கையிலும் நூல் பிசிறுகள் ஒட்டியிருந்தன.

"அவர் வந்தது எனக்குத் தெரியும் சார்."

"தெரிஞ்சுமா வந்தீங்க? கூட நாலு பெரிய மனுஷங்க வேற. பொண்ணு பேரு கெட்டுடும், வாழ்க்கை வீணாயிடும்னு ஒரே பேச்சு. பதினாறு வயசுப் பொண்ணு, பட்டப்பகல்ல செங்கல்லைத் தூக்கி அடிச்சிருக்கா. இதோ, இவ நெத்தியைப் பாருங்க. கொஞ்சம் தள்ளிப் பட்டிருந்தா கண்ணு போயிருக்கும். இவ வீட்டுக்கு நான் என்ன பதில் சொல்லியிருப்பேன்?"

ஃபிரேம்களைத் துடைத்து அடுக்கிக்கொண்டிருந்த விற்பனைப் பெண் கையை நிறுத்தினாள். அவள் புருவத்துக்கு மேல் பிளாஸ்திரி இருந்தது.

அந்த அம்மாள் அவளிடம் போனாள். "ரொம்ப வலிக்குதா கண்ணு?"

"இப்பப் பரவாயில்லைம்மா. தையல் பிரிச்சா சரியாயிடும்."

"அவளுக்குப் பதிலா நான் மன்னிப்பு கேட்டுக்கறேன்."

கடைக்காரர் திருப்புளியைக் கீழே வைத்தார். "எனக்கு ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. உங்க பொண்ணை இதுக்கு முன்னாடி நான் பார்த்ததுகூட இல்லை. எதுக்கு என் கடை?"

"இந்த வழியா நடந்து போயிட்டிருந்தவதான் சார். உங்க கடையில திரும்பின பக்கமெல்லாம் முகம் பாக்கிற கண்ணாடி. எல்லாத்துலயும் அவ மூஞ்சி தெரிஞ்சிருக்கு. எல்லாம் சேர்ந்து அவளைப் பார்த்துச் சிரிச்சுதாம்."

கடைக்காரருக்கு அந்தக் காட்சி நினைவுக்கு வந்தது. கல்லை எறிந்த பிறகு அந்தப் பெண் ஓடவில்லை. நடைபாதையில் உட்கார்ந்து இரண்டு காதுகளையும் பொத்திக்கொண்டாள். அன்றைக்கு அதைத் திமிர் என்று நினைத்திருந்தார்.

"ஒரு வருஷமாவே இப்படித்தான்" என்றாள் அந்த அம்மாள். "முதல்ல தூக்கம் போச்சு. அப்புறம் தலை சீவறதை விட்டா. வீட்டுக் கண்ணாடியைத் துணி போட்டு மூடினா. சரியான வாயாடி சார் அவ. எங்க சின்னு வாய்க்குப் பூட்டுதான் போடணும்னு தெருவே சொல்லும். இப்ப நாள் பூரா ஒரு வார்த்தை வராது. வந்தா, நமக்குக் கேக்காத யாருக்கோ பதில் சொல்லுவா."

"டாக்டர்கிட்ட காட்டலையா?"

"அவங்கப்பா விடலை. கொழுப்பு, ரெண்டு போட்டா சரியாயிடும்னார். போட்டும் பார்த்தார். நான் ஒரு தடவை அவருக்குத் தெரியாம கூட்டிட்டுப் போய் மாத்திரை வாங்கிட்டு வந்தேன். எடுத்துச் சாக்கடையில கொட்டிட்டார். பைத்தியம்னு பேரு வந்தா நாளைக்கு இவளை யாரு கட்டிப்பான்னு கேட்டார்."

விற்பனைப் பெண் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டாள். அந்த அம்மாள் உட்கார்ந்தாள்.

"பக்கத்து வீட்டு ஸ்கூட்டரைக் கொளுத்தினதும் அவதான் சார். அதுக்கு முன்னாடி பள்ளிக்கூடத்துல ஒரு டீச்சர் கையைக் கடிச்சு வெச்சா. ரெண்டு தடவையும் இவர் போய்க் கால்ல விழுந்தார். அவங்களும் பாவம்னு விட்டுட்டாங்க."

கடைக்காரருக்கு வியப்பாக இருந்தது. "கெஞ்ச வர்றவங்க இதையெல்லாம் மறைப்பாங்க. நீங்க என்னம்மா, கேக்காமலே சொல்லிட்டுப் போறீங்க?"

"மறைச்சு மறைச்சுத்தான் சார் இங்க வந்து நிக்குது."

விற்பனைப் பெண் மெல்லச் சொன்னாள்: "எனக்காகப் பார்க்காதீங்க சார். விட்டுடலாம். பாவம், அதுவும் தெரிஞ்சு செய்யலையே."

கடைக்காரர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இப்ப எங்க இருக்கா?"

"பொண்ணுங்க சீர்திருத்த இல்லத்துல. கேஸ் முடியற வரைக்கும் அங்கதானாம். நேத்து பார்க்க விட்டாங்க."

"எப்படி இருக்கா?"

"தலை சீவியிருந்தா சார்."

அதுவரை கலங்காமல் பேசியவளுக்கு, அதைச் சொல்லும்போது குரல் உடைந்தது.

கடைக்காரரால் அதற்கு மேல் தாங்க முடியவில்லை. "போதும்மா, அழாதீங்க. கண்ணாடி போனா வேற போட்டுக்கலாம். நான் எழுதிக் கொடுத்தா நாளைக்கே விட்டுடுவோம்னு இன்ஸ்பெக்டர் சொல்லியிருக்கார். வயசுப் பொண்ணு, அந்த இடத்துல எதுக்கு? வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க."

அவர் போனை எடுத்து எண்ணைத் தேடினார்.

அந்த அம்மாள் பதறி எழுந்து வந்து, போனோடு சேர்த்து அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வேண்டாம் சார். போன தடவை அவங்க மன்னிச்சு அனுப்பின அன்னிக்குத்தான், உள்ள தாழ் போட்டுக்கிட்டு உசிரை விடப் பார்த்தவளை, பாத்ரூம் கதவை உடைச்சு வெளிய எடுத்தேன்."

கடைக்காரர் புரியாமல் பார்த்தார்.

"அவங்கப்பா நாளைக்கும் வருவார், இன்னும் பெரிய ஆளுங்களோட வருவார். யாரு வந்து கால்ல விழுந்தாலும் வாபஸ் மட்டும் வாங்கிடாதீங்க. அதைக் கேக்கத்தான் வந்தேன். அங்க அவளுக்கு ஒரு டாக்டரம்மா இருக்காங்க. வீட்டுல நாங்கதான் சார் இருக்கோம்."