நூலில் கட்டிய இலை

இடுப்பில் எழுந்த வலி அடிவயிற்றுக்கு இறங்கியதும் அன்னக்கனி சுவரைப் பிடித்துக்கொண்டு குத்தவைத்தாள். உப்பளத்து வெயில் கொடுத்த சிறுநீரகக் கல். விடிந்துவிட்டது. லாரி வரும்போது எழுந்து நிற்காவிட்டால் வேறு ஆளை ஏற்றிக்கொண்டு போய்விடுவார்கள்.

எதிரே ஆணியில் நூல் கட்டித் தொங்கியது, கல்லுக்கு மருந்தான ரணகள்ளி இலை. அதன் ஓரமெல்லாம் கடுகளவு குட்டிச்செடிகள் வெறுங்காற்றில் வேர் விட்டிருந்தன. அடுத்த வீட்டு ராசகனி கொடுத்தது. கடல்தண்ணீர் தெருவுக்குள் ஏறி அவளுடைய செடி அழுகியபோது மிஞ்சியது இரண்டே இலைதான். கொடுக்கும்போதே சொல்லியிருந்தாள்:

“ஒண்ணத் தின்னுங்க மதினி, ஒண்ணக் கட்டிப் போடுங்க. குட்டி விட்டதும் எனக்கு ஒரு செடி தந்துரணும். எங்க வீட்டு ஆளுக்கும் கல்லுதான்.”

முதல் இலையைத் தின்றபோது வலி கொஞ்ச நாள் அடங்கியிருந்தது. அன்னக்கனி நூலை அறுத்து, மற்றதைக் குட்டிகளோடு வாயில் திணித்து மென்றாள். காலை நேரத்து இலை, நாக்கு கூசப் புளித்தது.

“ஆணியில தொங்குற பிள்ளத்தாச்சி பெத்துட்டாளா மதினி?” வாசலுக்கு வெளியே ராசகனி சிரித்தாள். “நல்லதண்ணிக் கெணத்துக்கிட்ட மண்ணு அள்ளி, சட்டியெல்லாம் நெரப்பி வச்சுட்டேன்.”

வாயைத் திறக்காமல் அன்னக்கனி இல்லையென்று தலையாட்டினாள். சுவருக்கு அந்தப் பக்கம் ராசகனியின் புருஷன் முனகுவது கேட்டது. ராசகனிக்கு ஒரு செடி பாக்கி.