தொடங்கியவரின் பேத்தி

ரானுயி என்ற புறநகரில், டெய்ரி என்று சொல்லப்படும் மூலை மளிகைக் கடையில் திங்கட்கிழமை மதிய வெயில் பால் அலமாரிக் கண்ணாடியில் பட்டுக் கூசுகிறது. கல்லாவுக்கு மேலுள்ள டிவியில் அமெரிக்கக் கால்பந்து நடக்கிறது. ஆடும் அணிகளில் ஒன்றைத் தொடங்கியவரின் கறுப்புவெள்ளைப் படம் வருகிறது. தோல் தொப்பி அணிந்த ஆட்டக்காரர்களின் நடுவில் அவர் சிரிக்கிறார். அடுத்து அவருடைய பேத்தி, இன்றைய முதலாளி, எழுந்து கைதட்டுகிறாள். "பாத்தியோ, குடும்பச் சொத்தெண்டா இப்பிடி இருக்கவேணும். எங்கட கடையும் இனி லோஜனாவுக்குத்தான்," என்று சோதிலிங்கம் மகளைப் பார்த்துப் பூரிக்கிறார். அவரோடு சேர்ந்து கடையைத் தொடங்கிய தம்பி யசீகரன் பாண் ரொட்டிகளை அடுக்குவதை நிறுத்துகிறான். லோஜனாவின் விரலில் கடைச்சாவி சுழல்கிறது. கடை திறந்த பிறகு பிறந்தவள் அவள். யசீகரன் கேட்கிறான்: "அண்ணை, அந்தத் தாத்தாவுக்குத் தம்பி ஒருத்தரும் இருக்கேல்லையோ?" "இருந்திருப்பார். ஆருக்குத் தெரியும்?" என்கிறார் சோதிலிங்கம், திரையிலிருந்து கண்ணெடுக்காமல்.