சரணம் கேட்காத ஊர்

"மெட்டு நல்லாத்தான் இருக்கு மைலாரி. உக்காந்து காபி குடிச்சுக்கிட்டே கேக்கலாம். அதான் வேணாங்கிறேன்."

தயாரிப்பாளர் ஹொன்னே கௌடர் உப்புமாத் தட்டை மடியில் வைத்திருந்தார். ஹனுமந்தநகரில் அவர் வீட்டுக் கூடத்தில் காலையிலிருந்து நான்கு மெட்டுகள் செத்துவிட்டன.

மைலாரி இசையமைத்த மூன்று கன்னடப் படங்களும் ஒரு வாரம் தாண்டவில்லை. இதுவும் கைநழுவினால் தாவணகெரேக்குத் திரும்பிப்போய்க் கல்யாணக் கச்சேரிகளில் கீபோர்டு வாசிக்க வேண்டியதுதான்.

"உன் பாட்டை யாராவது முணுமுணுத்து நீ கேட்டிருக்கியா? எங்கம்மா சாவுக்கு வந்தவங்ககூட இதைவிடச் சுருதியா அழுதாங்க."

கௌடரின் மனைவி பாக்யம்மா அவனுக்குப் பரிந்து வந்தார். கதையை நீங்களே எழுதினால் பாட்டு என்ன செய்யும் என்று கணவரைக் கேட்டுவிட்டு, அவன் தட்டில் இன்னொரு கரண்டி வைத்தார்.

கௌடர் அசரவில்லை. படமில்லாத நாட்களில் என்ன செய்தாய் என்று கேட்டார். வயிற்றுப்பாட்டுக்கு ஏதோ சில்லறை வேலைகள் என்றான் மைலாரி. அதற்கு மேல் சொல்ல வெட்கம்.

"எனக்கு வேண்டியது ஒண்ணுதான் குரு. முதல் வரி காதுல விழுந்ததும் ஜனங்க கையில இருக்கிறதைப் போட்டுட்டு வாசலுக்கு ஓடி வரணும். உனக்கு அது வராது. கோவிச்சுக்காதே."

மைலாரி கீபோர்டைப் பெட்டியில் வைத்து மூடினான்.

அப்போது தெருமுனையில் குப்பை வண்டியின் பாட்டு கரகரத்தது. பாக்யம்மா கரண்டியைப் போட்டுவிட்டு எழுந்தார். கௌடர் அவரை முந்திக்கொண்டு, பாட்டை முணுமுணுத்தபடியே வாளியைத் தூக்கிக்கொண்டு ஓடினார். எதிர்வீட்டு ஓய்வு பெற்ற நீதிபதி பல் துலக்கிக்கொண்டே தாளத்துக்குத் தலையாட்டியபடி வந்தார். தெருவே வாசலில் நின்றது. கொட்டி முடித்ததும் பாட்டோடு வண்டி நகர்ந்துவிட்டது.

காலி வாளியோடு திரும்பிய கௌடரின் வாயில் இன்னும் அதே வரிதான்.

"பாழாப்போன பாட்டு, நாள் முழுக்க விடாது. பல்லவிக்கு மேல ஒருத்தருக்கும் தெரியல. அப்புறம் எப்படித்தான் போகுமோ?"

மைலாரி பெட்டியைத் திறந்தான்.

"சரணமும் போட்டிருக்கேன் கௌடரே. வண்டிதான் அதுவரைக்கும் நிக்க மாட்டேங்குது."