அசல்

வீட்டுக்கடனுக்குக் கையெழுத்துப் போடப் போன அன்று, தையல்காரர் அவசரத்தில் தன் புதுச்சட்டைக்குப் பையை வலப்பக்கம் தைத்துவிட்டார். "ஊருக்கெல்லாம் ஒழுங்காத்தானே தைக்கிறீங்க," என்று மனைவி விழுந்து விழுந்து சிரித்தாள்.

அதன் பிறகு பன்னிரண்டு வருடம் இடுப்பொடியத் தைத்துத் தவணை கட்டினார். தலை பஞ்சாக நரைத்தது. இன்று, மீதி எவ்வளவு என்று கேட்க வங்கிக்குப் போனார்.

"வட்டி ஏறிக்கிட்டே போச்சுங்களா, நீங்க கட்டினதெல்லாம் அதுக்கே சரியாப் போச்சு," என்றாள் அதிகாரி. "அசல் அப்படியே இருக்கு."

"அப்படியேன்னா?"

"அன்னைக்கு எப்படி இருந்துச்சோ, அப்படியே. ஒரு நூல்கூடக் குறையல."

அவருக்கு ஒரு மண்ணும் புரியவில்லை. மண்டையைச் சொறிந்துகொண்டே வீடு வந்து அழைப்பு மணியை அழுத்தினார்.

கதவைத் திறந்தவனுக்குத் தலைமுடி கருகருவென்று இருந்தது. சட்டைப் பை வலப்பக்கம் இருந்தது. தைத்த நூல் இன்னும் வெளுக்கவில்லை.

"யாருங்க வேணும்?"

தையல்காரர் நிலைப்படியில் இருந்த வீட்டு எண்ணைப் பார்த்தார். அவர் வீடுதான். உள்ளே மனைவி விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தாள்.

"கையெழுத்துப் போட நேரமாச்சு. யாருங்க அது?" என்றாள் உள்ளிருந்தே.

'போடாதே' என்று சொல்ல வாயெடுத்தார்.

"யாரோ பெரியவரு," என்றபடி அவன் கதவைச் சாத்தினான். "வீடு மாறி வந்துட்டாரு."