யன்னலால் எடுத்த படம்

சுவரில் பரமலிங்கம் சோற்றுக் கோப்பையைத் தூக்கி அடித்தான். சத்தமே இல்லை. அது ஊமைப்படம், புரொஜெக்டர் மட்டும் கரகரவென்று ஓடியது.

"ஆர் இது?" டொக்டர் கேட்டார்.

"எங்கடை மூத்த அண்ணை." பாலேஸ்வரி பல்லைக் கடித்துக்கொண்டுதான் சொன்னாள்.

மனநோய்க்கு நல்லாய்ப் பார்க்கிறவர் என்று கேள்விப்பட்டு, நீர்வேலியிலிருந்து அவளும் தம்பி நடராசாவும் அன்றைக்குத்தான் முதல் தடவையாக அவரிடம் வந்திருந்தார்கள். கமரா, நடராசா லண்டனிலிருந்து கொண்டுவந்து அவளுக்குக் கொடுத்தது. படத்தைக் கழுவுவித்ததும் அவன்தான்.

"விசர் பிடிச்ச வீடு எப்பிடியிருக்குமெண்டு வாயாலை சொன்னா ஒருத்தரும் நம்புகினமில்லை, டொக்டர். அதுதான் படமா எடுத்தனான்."

சுவரில் இப்போது கிணற்றடி. யன்னல் கம்பிகளுக்கு அங்காலே பரமலிங்கம் சீலைகளைக் குவித்து மண்ணெண்ணெய் ஊற்றினான். நெருப்பு எழும்பியது.

"ஆற்றை சீலை உது?"

"என்ரை."

டொக்டர் கண்ணைச் சுருக்கினார். "படம் ஒரேயடியா ஆடுது."

"எனக்குக் கை நடுங்கும்."

"பயம் இருக்கும்தானே. ஒளிச்சு நிண்டோ எடுத்தனீங்கள்?"

"ஏன் ஒளிக்கிறன்? அது நான் இருக்கிற அறை!"

பரமலிங்கம் யன்னலுக்குக் கிட்ட வந்தான். வாய் பிளந்திருந்தது, கழுத்து நரம்பு புடைத்திருந்தது. விறகுக் கட்டையால் கம்பியில் ஓங்கி அடித்தான். சுவர் வெறும் வெள்ளையானது.

நடராசா மூடியிருந்த கதவைத் திறந்துவிட்டான். வெயில் உள்ளே வந்தது.

"எவ்வளவு காலமா உவர் உப்பிடி?"

"அம்மா செத்த நாளிலையிருந்து."

"நித்திரை கொள்ளுறவரோ?"

"எங்கை? விடியவிடிய முற்றத்திலை நடப்பார்."

நடராசா என்னவோ சொல்ல வாயெடுத்தான்.

"நீ பொத்து வாயை," என்று சீறினாள். "டொக்டர் கதைக்கட்டும்."

டொக்டர் இரங்கிய குரலில் சொன்னார். "கோவப்படாதேங்கோ, பிள்ளை. உது ஆளின்ரை குணமில்லை, நோய். நோயாளியிலை கோவிச்சு என்ன பயன்?"

அவள் எழும்பிய வேகத்தில் கதிரை பின்னால் விழுந்தது.

"நோயாளியிலை கோவிக்கக்கூடாதோ? இதை எங்கடை வீட்டுக்கு வந்து சொல்லுங்கோ, டொக்டர்! ஒழுங்கையிலை நிண்டு, ஊர்ச்சனம் எல்லாத்துக்கும் கேக்கக் கத்திச் சொல்லுங்கோ!"

அவளுக்கு மூச்சு வாங்கியது. நடராசா கதிரையை நிமிர்த்தி அவளை இருத்தினான்.

டொக்டர் துண்டுக் கடதாசியை எடுத்து எழுதத் தொடங்கினார். "நாளைக்கே கூட்டிக்கொண்டு வாங்கோ, வார்டிலை சேர்ப்பம். உப்பிடிக் கடுமையான ஆளை வீட்டிலை வைச்சிருக்கிறது ஆபத்து. நோயாளிக்கு என்ன பேர்?"

"பாலேஸ்வரி," என்றாள். "விசர் எனக்குத்தான், டொக்டர், அவர் என்னைப் பராமரிக்கிற அண்ணை."