அன்னக்கிளியின் குடை

பெர்மிட் காலாவதியான நாளிலிருந்து புண்ணியமூர்த்தி மடுல்சீமைப் பஸ்ஸை ஓட்டவேயில்லை. பதுளையில் வீட்டுக்குப் பின்னால் அதை நிறுத்தி, சாவியைச் சாமிப்படத்தடியில் வைத்துவிட்டார். புதுப்பிக்கத் தாமதமானதை மன்னிப்பார்கள். பெர்மிட் இல்லாமல் ஓட்டியதாகத் தெரிந்தால் ரூட்டே கைவிட்டுப் போய்விடும். வழக்கே அதுதான்.

பஸ் ஓடவில்லை என்று சொல்ல மடுல்சீமைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து அன்னக்கிளியைச் சாட்சிக்கு அழைத்திருந்தார். கொழுந்தெடுக்கிறவள். அவளுக்குப் பொய் வராது. சாட்சிக் கூண்டில் ஏறியதும் அவரைப் பார்த்துக் கும்பிட்டாள்.

“மொதலாளி ஒரு நாளும் எங்கள வுட்டதில்லைங்க. இன்னிக்குக் காலையிலயும் அவரு பஸ்லதாங்க வந்தேன்.”

வக்கீல் கோப்பை மூடினார். ரூட் போயிற்று.

கோர்ட் வாசலில் அவளை மறித்தார். “பஸ்ஸ ஓட்டுனது யாரு?”

“என்னங்க மொதலாளி, நீங்கதானே! டயருக்கு அடியில எலுமிச்சம்பழம் வச்சுட்டு ஏறுனீங்களே. தோட்டத்துல பேய் மழைங்க. கொடைய சீட்லயே மறந்துட்டேன். நாளைக்கு வர்றப்ப மறக்காமக் கொண்டாந்துருங்க.”

பதுளையில் வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. வீட்டுக்குப் பின்னால் பஸ் நின்ற இடத்திலேயே நின்றது. சக்கரங்களைச் சுற்றி முழங்கால் உயரம் வளர்ந்த புல்லில் ஒன்றுகூடச் சாய்ந்திருக்கவில்லை. முன்சக்கரத்தடியில் நசுங்கிக் கிடந்த எலுமிச்சம்பழத்தில் சாறு காயவில்லை.

கதவைத் திறந்தார். ஜன்னலோர சீட்டில் கறுப்புக் குடையொன்று நீர் சொட்டிக்கொண்டிருந்தது.

 அதை உதறி மடக்கி, காலையில் மறந்துவிடாதபடி டிரைவர் சீட்டுக்குப் பக்கத்தில் வைத்தார்.